ஆணியில்லா நாற்காலி

நான்கு கால்கள் உடைமையால் நாற்காலி எனப் பெயர் பெற்றது. ஆணியும் பசையும் இன்றி அக்கால்களைப் பல்லாண்டு பிணித்து வைப்பது யாது? அமெரிக்காவின் அப்பலாச்சிய மலைநாட்டுத் தச்சர் கண்ட விடை, மரத்தின் ஈரம் என்பதே.

புதிதாக வெட்டிய ஓக், ஹிக்கரி மரங்களை அவர்கள் நெடுக்கில் வாளால் அறுப்பதில்லை; ஆப்பு அறைந்து பிளப்பர். வாள் நாரை அறுக்கும். பிளவோ நாரின் போக்கிலேயே செல்லும். ஆதலின் மெல்லிய சட்டமும் பளுவைத் தாங்கும். பிளந்த துண்டை இருபுறமும் பிடியுள்ள கத்தியால் இழுத்துச் சீவுவர்.

உலரும் மரம் குறுக்கே சுருங்கும்; நீளத்தில் சுருங்குவது மிகச் சிறிதே. இவ்வியல்பே நுட்பத்திற்கு அடிப்படை. குறுக்குச் சட்டங்களை நன்கு உலர்த்தி, முனையில் கழுந்து செதுக்குவர். கால்களைச் சற்றே ஈரமாக விட்டுத் துளையிடுவர். துளையில் அறைந்த கழுந்து காலின் ஈரத்தை உறிஞ்சிச் சிறிது பருக்கும். காலோ உலர்ந்து சுருங்கி அதனை இறுகப் பற்றும். முறை மாறிக் கழுந்து ஈரமாயிருப்பின், அது சுருங்கி நாற்காலி ஆட்டங்காணும். இறுதியாக, ஹிக்கரி மரத்தின் உட்பட்டையால் இருக்கை பின்னுவர்.

கைவழியாக வந்த இந்நுட்பத்தைப் பால்ட்டிமோர் நகரத்து வழக்கறிஞர் ஜென்னி அலெக்சாண்டர் ஆராய்ந்து, 1978ஆம் ஆண்டில் நூலாக்கினார். ஏட்டில் ஏறாத தொழிலறிவு தொழிலாளியோடு மறையும். ஏறியதோ அடுத்த தலைமுறைக்கும் கை கொடுக்கும்.