டெலிவிஷன் பெட்டியும் கைபேசியும்

படத்தையும் ஒலியையும் எண்களாக மாற்றி அனுப்புவதே டிஜிட்டல் முறை எனப்படும். இதனால் படம் தெளிவாகத் தெரிகிறது என்பது மட்டுமே பலருக்குத் தெரிந்த பயன். ஆனால் மக்கள் எதை, எப்போது, யாருடன் அமர்ந்து பார்க்கின்றனர் என்பதையே இம்முறை மாற்றிவிட்டது. கிராமங்களில் பணிபுரியும் ஊழியர்களும் ஆசிரியர்களும் இதன் காரணத்தை அறிந்திருத்தல் அவசியமாகும்.

1975 ஆகஸ்டு முதல் 1976 ஜூலை வரை, அமெரிக்காவின் ஏ.டி.எஸ்-6 செயற்கைக்கோளின் உதவியால், ஆறு ராஜ்யங்களைச் சேர்ந்த சுமார் 2,400 கிராமங்களில் பொது டெலிவிஷன் பெட்டிகள் இயங்கின. மாலை வேளையில் ஊரார் கூடி ஒரே நிகழ்ச்சியைப் பார்த்தனர். வராதவருக்கு அது கிடைக்கவில்லை. 1987-ல் தூர்தர்ஷன் ‘ராமாயண்’ தொடரைத் தொடங்கியபோதும், ஞாயிறு காலைக்கென்று மக்கள் காத்திருந்தனர். பழைய முறையில் ஓர் அலைவரிசை முழுவதையும் ஒரே நிகழ்ச்சி அடைத்துக்கொண்டது; வேறொன்றை அனுப்ப இடமில்லை.

எண்களாக மாற்றியவுடன் இடம் கிடைத்துவிட்டதா என்றால், இல்லை. சாதாரண டெலிவிஷன் படத்தை அப்படியே எண்களாக்கினால் வினாடிக்குப் பன்னிரண்டு கோடிக்கு மேற்பட்ட பிட்டுகள் தேவைப்படும். இங்குதான் சுருக்கும் கணிதம் துணைபுரிகிறது. திரையில் ஒருவர் பேசும்போது அவர் உதடுகள் அசைகின்றன. பின்னாலுள்ள சுவர் அசைவதில்லை. அச்சுவரைப் பற்றி வினாடிக்கு 25 முறை சொல்வானேன்? மாறிய பகுதியை மட்டும் அனுப்பி, கண்ணுக்குப் புலப்படாத நுட்பங்களையும் விட்டுவிட்டால், முப்பது முதல் ஐம்பது லட்சம் பிட்டுகளே போதும். ஓர் அலைவரிசையின் இடத்தில் பல நிகழ்ச்சிகள் செல்லலாயின. 2004 டிசம்பரில் தூர்தர்ஷன் தொடங்கிய, மாதக் கட்டணமில்லாத நேரடிச் செயற்கைக்கோள் சேவை இதன் பயனேயாகும்.

இதே கணிதம் சினிமாவையும் கைபேசிக்குள் புகுத்தியது. 2016-க்குப் பின் இணையக் கட்டணம் வெகுவாகக் குறையவே, இவ்வழக்கம் கிராமங்களிலும் பரவிற்று. ஆயினும் ஒரு பெரிய வேற்றுமை உண்டு. டெலிவிஷன் அலை ஒன்றே. அதை நூறு பேர் வாங்கினாலும் லட்சம் பேர் வாங்கினாலும் ஒன்றுதான். கைபேசிக்கோ, கேட்பவர் ஒவ்வொருவருக்கும் தனித்தனியே அனுப்பப்படுகிறது. ஆகவே அவரவர் விரும்பிய வேளையில் பார்க்க முடிகிறது. அடுத்து எதைக் காட்டுவது என்பதை, அவர் முன்பு எதைப் பார்த்தார், எதைத் தள்ளினார் என்பதைக் கொண்டு கணிப்பொறி தீர்மானிக்கிறது. அது மெய்யா, பயனுடையதா என்பது கணிப்பொறியின் முதற்கவலையன்று.

‘ஊருக்குச் சொல்லியாயிற்று’ என்று ஊழியர் மனநிறைவு கொள்ளும் காலம் இதனால் முடிந்தது. பயிர்ப் பூச்சியைப் பற்றிய படம், வேளாண்மைப் படங்களை ஏற்கெனவே பார்ப்பவருக்கே பெரும்பாலும் போய்ச் சேரும். நகைச்சுவையும் பாட்டும் மட்டும் பார்ப்பவருக்கு அது எதிர்ப்படாது. மேலும், அலையில் வந்தது அன்றோடு மறைந்தது. இணையத்தில் ஏறியது ஆண்டுக்கணக்கில் நிற்கிறது. எண்டோசல்பானைச் சுப்ரீம் கோர்ட் 2011-ல் தடை செய்தது. அதற்கு முன் எடுத்த படம் அம்மருந்தைத் தெளிக்கச் சொல்லுமாயின், இன்று பார்ப்பவருக்கு அது பழையதென்று எப்படித் தெரியும்?

2020-ல் பள்ளிகள் மூடப்பட்டபோது, மத்திய அரசாங்கம் வகுப்புக்கு ஒன்றாகப் பன்னிரண்டு கல்வி அலைவரிசைகளை ஏற்படுத்தியது. இணையமில்லாத வீட்டிற்கு இது நல்ல ஏற்பாடே. எனினும் ஒரு பெட்டியும் இரு வகுப்புப் பிள்ளைகளும் உள்ள வீட்டில், பழைய இடநெருக்கடி வேறு உருவில் திரும்பிற்று. கைபேசி அதைத் தீர்க்கும். ஆனால் இணையச் செலவு வேண்டும்.

ஆதலின், தேவையான படத்தை இணையம் கிடைக்குமிடத்தில் முன்கூட்டியே இறக்கி வைத்துக்கொண்டு, வகுப்பிலோ பொதுவிடத்திலோ பலர் கூடியிருக்கக் காட்டுவது நலம். அதன்பின் கேள்விகளுக்கும் இடமிருக்கும். படத்துடன் காணப்படும் தேதி அது வெளியிடப்பட்ட நாளைக் குறிக்குமேயன்றி எடுக்கப்பட்ட நாளையன்று. மருந்து, உரம், நோய் ஆகியவை பற்றிய படமாயின், காட்டுமுன் அதிலுள்ள பரிந்துரை இன்றும் நடப்பிலுள்ளதா என்று வேளாண்மை அல்லது சுகாதார அலுவலகத்தில் கேட்டறிதல் வேண்டும்.