ஊசியா, நூலா?

திருப்பூரில் பனியன் துணி பின்னும் யந்திரத்தின் அருகே சற்று நின்றவர்கள் ஒன்றைக் கவனித்திருப்பார்கள். துணியில் நெடுகக் கோடு விழுந்தால், யந்திரக்காரர் நூலைத் திட்டிக்கொண்டு நிற்பதில்லை. யந்திரத்தை நிறுத்தி, எந்த ஊசி பழுது என்று தேடுகிறார்.

பள்ளிக்கூடத்திலோ இவ்வழக்கம் அபூர்வம். பையனுக்குப் பாடம் வரவில்லையா? "மந்தம்" என்று தீர்ப்பாகிவிடுகிறது. நூல்தான் குற்றவாளி!

ஊசியைச் சோதித்த உபாத்தியாயர் ஒருவரை நாம் அறிவோம். 1910-ல் ஜோஹானஸ்பர்க் நகருக்கு அருகே, நண்பர் காலன்பாக்கின் நிலத்தில் டால்ஸ்டாய் பண்ணை ஏற்பட்டது. அங்கிருந்த தமிழ்க் குழந்தைகளுக்குத் தமிழ் கற்பித்தவர் காந்திஜி. கப்பலிலும் சிறையிலும் போப்பையர் புத்தகத்தை வைத்துப் படித்த அரைகுறைத் தமிழ்தான் அவருக்கு வந்தது. அதை அவர் பிள்ளைகளிடம் மறைக்கவில்லை. அவர்களுடைய அன்பும் குறையவில்லை.

பதினேழு வயது முரட்டுப் பையன் ஒருவனை, ஒரு நாள் கோபத்தில் ரூல்தடியால் கையில் அடித்துவிட்டார். அடிக்கும்போதே அவர் உடல் நடுங்கிற்று. பையன் அழுது மன்னிப்புக் கேட்டான். அப்புறம் அவன் கீழ்ப்படியாமல் இருந்ததே இல்லை. வேறொருவராயிருந்தால், "பார்த்தீரா, அடியின் மகிமையை!" என்று மார்தட்டியிருப்பார். காந்திஜியோ, தம்முள் இருந்த மிருகத்தையே அன்று காட்டிவிட்டதாகப் பல வருஷங்களுக்குப் பின் சுயசரிதையிலும் வருந்தினார். தோற்ற முறையை யாரும் சோதிப்பார்கள். பலித்த முறையையும் சோதித்தாரே, அதுதான் அருமை.

இன்று திருப்பூரில் நிலைமை தலைகீழ். ஒடிஸாவிலிருந்தும் பீகாரிலிருந்தும் பனியன் வேலைக்கு வந்தவர்களின் குழந்தைகள் தமிழ் வகுப்பில் உட்கார்ந்திருக்கிறார்கள். வாய் திறவாத குழந்தை மந்தமா, அல்லது கேள்வியே அதற்கு விளங்கவில்லையா? 2009-ஆம் வருஷத்துக் கல்வி உரிமைச் சட்டம் பிரம்பை விலக்கிவிட்டது. மனத்துக்குள் சொல்லிக்கொள்ளும் "மந்தம்" என்ற சொல்லைச் சட்டம் எப்படி விலக்கும்? பள்ளியை விட்டு நின்ற பிள்ளைகளைக் கைமடி வேலைக்கு இழுத்துக்கொண்ட ஊர் அல்லவா இது!

ஒரு நோட்டுப் புத்தகம் போதும். மேலதிகாரிக்குக் காட்டும் பாடக் குறிப்பு அல்ல. தமக்கே தாம் எழுதுவது. மணியடித்ததும் இரண்டு வரி: இன்று யாரை ஒரு தடவைகூடக் கூப்பிடவில்லை? வகுப்பு அடங்கியது பாடம் புரிந்ததாலா, பயத்தாலா? பத்து நாள் கழித்துப் புரட்டினால், ஒரே பெயர் திரும்பத் திரும்பக் கண்ணில் படக்கூடும்.

மறுநாள் அந்தக் குழந்தையிடம், "உங்கள் வீட்டுப் பாஷையில் தண்ணீருக்கு என்ன பெயர்?" என்று கேட்டு, பதிலைப் பலகையில் எழுதி உபாத்தியாயர் உரக்க வாசிக்கட்டும். உச்சரிப்புத் தப்பும், வகுப்பு சிரிக்கும். குழந்தை எழுந்து நின்று திருத்தும்.