பாதம்

பாதம் என்பது கணுக்காலுக்குக் கீழே நிலத்தில் ஊன்றும் உறுப்பு ஆகும். அடி, தாள் என்பனவும் இதைக் குறிக்கும் சொற்கள். உடல் எடையைத் தாங்குவதோடு, தரையின் தன்மையை மூளைக்கு உணர்த்துவதும் இதன் பணி.

அமைப்பு

ஒரு பாதத்தில் 26 எலும்புகள் உள்ளன. கணுக்கால் பகுதியில் 7, அதற்கு முன்னால் நீண்ட எலும்புகள் 5, விரல்களில் 14. இரு பாதங்களிலும் சேர்த்து 52. இது உடலின் 206 எலும்புகளில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்கு. எலும்புகள் வளைவாக அமைந்திருப்பதால், நடக்கும்போது பாதம் வில்போல் சற்று அமுங்கி நிமிர்கிறது. உள்ளங்காலில் உள்ள நரம்பு முனைகள் அழுத்தம், அதிர்வு, சூடு, வலி ஆகியவற்றை உணர்கின்றன.

தொழிலில்

காஞ்சிபுரத்தை அடுத்த ஐயம்பேட்டை போன்ற நெசவு ஊர்களில் கையளவு வேலை பாதத்துக்கும் உண்டு. குழித்தறியில் நெசவாளர் கால்களைக் குழிக்குள் தொங்கவிட்டு மிதிகளை மாறி மாறி அழுத்துகிறார். அப்போது பாவு நூல்கள் மேலும் கீழுமாகப் பிரிகின்றன; அந்த இடைவெளியில் நாடா ஓடுகிறது. கண் துணியின் மேல் இருக்க, மிதியைப் பாதமே உணர்ந்து அழுத்துகிறது.

பண்பாட்டில்

திருக்குறளின் கடவுள் வாழ்த்தில் 10 குறள்களில் 7 இறைவனின் அடியைப் பேசுகின்றன. காஞ்சிபுரம் உலகளந்த பெருமாள் கோயிலில் திருமால் ஒரு காலைத் தூக்கி உலகை அளக்கும் கோலத்தில் நிற்கிறார். பெருமாள் கோயில்களில் திருவடி பொறித்த சடாரியைப் பக்தர்களின் தலையில் வைப்பர். இறைவனின் பாதம் இவ்வாறு போற்றப்பட்டாலும், மனிதரின் கால் பிறர்மீது பட்டால் அது மரியாதைக் குறைவாகும். உடனே தொட்டுக் கும்பிடுவது வழக்கம். ஒடுக்கப்பட்ட சாதியினர் செருப்பணிந்து தெருவில் நடக்கத் தடை இருந்த ஊர்களும் தமிழகத்தில் உண்டு.

உணர்விழப்பும் பாதுகாப்பும்

1946இல் வேலூர் கிறித்துவ மருத்துவக் கல்லூரிக்கு வந்த மருத்துவர் பால் பிராண்ட், தொழுநோயாளிகளின் பாதப் புண்களுக்கு முதன்மைக் காரணம் வலி உணர்வு இழப்பே என்று விளக்கினார். வலி தெரியாததால் அவர்கள் காயத்தின் மீதே தொடர்ந்து நடந்தனர். மென்மையான ரப்பர் காலணிகள் இதற்குத் தீர்வாயின.

நீரிழிவு நோயாளிகளுக்கும் இந்த ஆபத்து உண்டு. கோடை வெயிலில் கோயில் பிரகாரத்தின் கருங்கல் சுட்டாலும் உணர்விழந்த பாதத்துக்குத் தெரியாது. கொப்புளம் புண்ணாகி, விரலையோ காலையோ அகற்றும் நிலை வரலாம். வெறுங்காலுடன் மிதி அழுத்தும் நெசவாளரின் சிறு கீறலும் அப்படியே. எனவே உணர்வு குறைந்தவர்கள் கோயிலுக்குக் காலையிலோ மாலையிலோ செல்வதும், உள்ளங்காலையும் விரலிடுக்குகளையும் நாள்தோறும் பார்ப்பதும், புண் கண்டால் உடனே மருத்துவரிடம் காட்டுவதும் அவசியம்.