ரியல் எஸ்டேட் ஏஜென்ட் ஆக எவ்வளவு செலவாகும்? ரெரா கட்டணம் முதல் கமிஷன் வரி வரை... முழு கணக்கு இதோ!

"ஒரு பிளாட் முடிச்சுக் கொடுத்தா போதும், கமிஷனே அரை லட்சம் வரும்." வேலை தேடும் இளைஞர்கள் முதல் பணி ஓய்வு பெற்றவர்கள் வரை பலரையும் ரியல் எஸ்டேட் பக்கம் இழுப்பது இந்த ஒற்றை வரிதான். ஒரு போன், ஒரு பைக், ஊருக்குள் நாலு பேரைத் தெரிந்திருந்தால் போதும், முதலீடே இல்லாத தொழில் என்றும் சொல்வார்கள்.

ஆனால் நிலைமை இப்போது அப்படி இல்லை. பதிவு செய்யாமல் ஒரு மனையை விற்றுக் கொடுத்தால், வாங்கிய கமிஷனைவிட அதிகமாக அபராதம் கட்ட வேண்டிவரும். சரி, முறைப்படி ஏஜென்ட் ஆகணும்னா எவ்வளவு செலவாகும்? அந்தப் பணம் எப்போது திரும்பி வரும்? ஒவ்வொன்றாகப் பார்க்கலாம்.

லைசென்ஸா? பதிவா?

பேச்சு வழக்கில் 'ரெரா லைசென்ஸ்' என்கிறோம். சட்டப்படி அதன் பெயர் பதிவு. ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை மற்றும் மேம்பாட்டுச் சட்டம் 2016-ல் வந்தது. அதைத்தான் சுருக்கமாக ரெரா என்கிறோம். ஏஜென்ட்களுக்கான பிரிவுகள் 2017 மே 1-ம் தேதி நடைமுறைக்கு வந்தன. தமிழ்நாடு அரசு தனக்கான விதிகளை 2017 ஜூன் 22-ம் தேதி வெளியிட்டது. இதைக் கவனிப்பது தமிழ்நாடு ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையம். அந்தமான் நிக்கோபார் தீவுகளும் இதே ஆணையத்தின் கீழ்தான் வருகின்றன.

யாருக்கெல்லாம் பதிவு கட்டாயம்?

இங்கேதான் பலருக்கும் குழப்பம். ரெராவில் பதிவான திட்டத்தில், புரமோட்டர் விற்கும் மனை, ஃபிளாட், கட்டடம் ஆகியவற்றை விற்கவோ வாங்கவோ உதவுபவர் பதிவு செய்தே ஆக வேண்டும். 500 சதுர மீட்டருக்கு மேற்பட்ட நிலம் அல்லது 8-க்கு மேற்பட்ட வீடுகள் கொண்ட திட்டங்கள் ரெரா பதிவுக்குள் வரும். நம்ம ஊர் கணக்கில் 500 சதுர மீட்டர் என்றால் சுமார் 5,382 சதுர அடி. அதாவது கிட்டத்தட்ட இரண்டேகால் கிரவுண்ட், அல்லது 12 சென்டுக்குக் கொஞ்சம் மேல். ஊருக்கு வெளியே புதிதாகப் போடப்படும் லேஅவுட்கள் பெரும்பாலும் இந்த அளவைத் தாண்டிவிடும்.

வாடகைக்கு வீடு பிடித்துக் கொடுப்பவர், ஒருவரின் பழைய வீட்டை இன்னொருவருக்கு மறுவிற்பனை செய்து கொடுப்பவர் ஆகியோரை இந்தப் பிரிவு கட்டுப்படுத்தாது.

அதே நேரத்தில், ஏஜென்ட் யார் என்பதற்குச் சட்டம் தரும் விளக்கம் ரொம்பவே அகலமானது. புரோக்கர், டீலர், இடைத்தரகர் என எந்தப் பெயரில் இருந்தாலும், எந்த ஊடகத்தின் வழியாகவும் வாங்குபவரையும் விற்பவரையும் அறிமுகம் செய்துவைத்து, அதற்குக் கட்டணமோ கமிஷனோ வாங்கினால் அவர் ஏஜென்ட்தான். வாட்ஸ்அப் குரூப்பில் மனை படம் போட்டு ஆள் பிடித்துக் கொடுத்தாலும் சரி, யூடியூப்பில் லேஅவுட்டைச் சுற்றிக் காட்டி வரும் ஒவ்வொரு புக்கிங்குக்கும் கமிஷன் வாங்கினாலும் சரி... "நான் வீடியோதான் போட்டேன்" என்ற பதில் எடுபடாது.

பதிவுக் கட்டணம் எவ்வளவு?

தமிழ்நாடு விதிகளின்படி கட்டணம் இரண்டு வகை.

• தனிநபர் என்றால் 25,000 ரூபாய்.
• கூட்டு நிறுவனம், கம்பெனி என்றால் 50,000 ரூபாய்.

இந்தப் பதிவு 5 ஆண்டுகளுக்குச் செல்லும். தனிநபரின் 25,000 ரூபாயை 60 மாதங்களுக்குப் பிரித்தால் மாதம் சுமார் 417 ரூபாய். ஒரு போன் ரீசார்ஜ் செலவு மாதிரிதான் தெரியும். ஆனால் முழுத் தொகையையும் முதலிலேயே கட்ட வேண்டும் என்பதுதான் சிக்கல். முதல் கமிஷன் எப்போது வரும் என்றே தெரியாத நிலையில் 25,000 ரூபாய் புரட்டுவது புதிதாக வருபவர்களுக்குச் சின்ன விஷயம் இல்லை. 5 ஆண்டு முடிந்து புதுப்பிக்கவும் தனிக் கட்டணம் உண்டு. கட்டண விகிதம் மாறக்கூடியது என்பதால், பணம் செலுத்தும் முன் ஆணையத்தின் இணையதளத்தில் ஒருமுறை சரிபார்த்துக்கொள்வது நல்லது.

மற்ற மாநிலங்களில் எப்படி?

சட்டம் மத்திய அரசுடையது. கட்டணத்தை நிர்ணயிப்பது மாநிலம். கர்நாடகாவில் தனிநபருக்கு இதே 25,000 ரூபாய், நிறுவனங்களுக்கு 2 லட்சம் ரூபாய். மகாராஷ்டிராவில் தனிநபருக்கு 10,000 ரூபாய், நிறுவனங்களுக்கு 1 லட்சம் ரூபாய். ஆனால் அங்கே கட்டணம் கட்டினால் மட்டும் போதாது. பயிற்சி வகுப்பு முடித்து, தேர்வு எழுதித் தகுதிச் சான்றிதழ் வாங்க வேண்டும் என்ற நடைமுறையை 2023-ல் கொண்டுவந்தார்கள். மத்திய சட்டத்தில் ஏஜென்ட்டுக்குக் கல்வித் தகுதி, தேர்வு எதுவும் சொல்லப்படவில்லை.

இன்னொரு முக்கிய விஷயம். ஒரு மாநிலத்தில் வாங்கும் பதிவு அந்த மாநிலம் முழுவதற்கும் செல்லும். மதுரைக்கு ஒன்று, கோவைக்கு ஒன்று என வாங்கத் தேவையில்லை. ஆனால் எல்லை தாண்டினால் செல்லாது. ஓசூரில் இருந்துகொண்டு அத்திப்பள்ளி, ஆனேக்கல் பக்கம் உள்ள ஃபிளாட்டையும் விற்றுக் கொடுப்பவர் கர்நாடகாவிலும் தனியாகப் பதிவு செய்ய வேண்டும். ஒருவருக்கே இரண்டு பதிவு, இரண்டு கட்டணம்.

என்னென்ன ஆவணங்கள் தேவை?

• பான் கார்டு, புகைப்படம், தொடர்பு விவரங்கள்
• தொழில் செய்யும் முகவரிக்கான சான்று
• முந்தைய 3 நிதியாண்டுகளின் வருமான வரிக் கணக்கு. தாக்கல் செய்யத் தேவையில்லாத அளவுக்குத்தான் வருமானம் இருந்தது என்றால் அதற்கான உறுதிமொழி
• நிறுவனம் என்றால் கூட்டு ஒப்பந்தம் அல்லது கம்பெனி பதிவு ஆவணங்கள், பங்குதாரர்கள் அல்லது இயக்குநர்களின் விவரங்கள்

தனிநபராகப் பதிவு செய்பவருக்கு இதில் பெரிய செலவு கிடையாது. நிறுவனமாகத் தொடங்குபவர்களுக்கு ஒப்பந்தப் பத்திரம், ஆடிட்டர் கட்டணம் எனத் தனியாகச் செலவாகும். பங்குதாரர் யாரும் இல்லாமல் தனியாகத் தொடங்குபவர், எடுத்த எடுப்பிலேயே கம்பெனி ஆரம்பிப்பதைவிடத் தனிநபர் பதிவு வாங்குவதே சிக்கனம்.

"ரெரா வாங்கித் தர்றோம், மொத்தம் இவ்வளவு கொடுங்க" என்று கேட்பவர்களிடம் எச்சரிக்கை தேவை. அரசுக் கட்டணம் எவ்வளவு, அவர்களின் சேவைக் கட்டணம் எவ்வளவு என்று பிரித்துக் கேளுங்கள். அரசுக் கட்டணத்துக்கான ரசீது உங்கள் பெயரில் இருக்க வேண்டும்.

கமிஷனில் எவ்வளவு பிடிப்பார்கள்?

பதிவுக் கட்டணத்தைப் பற்றி எல்லோரும் பேசுகிறார்கள். பலர் கணக்கில் எடுத்துக்கொள்ளாதது வரி.

டிடிஎஸ்: புரமோட்டர் நிறுவனம் உங்களுக்குக் கமிஷன் தரும்போது அதில் 2 சதவீதம் பிடித்துக்கொண்டுதான் தரும். இது 5 சதவீதமாக இருந்தது, 2024 அக்டோபர் 1 முதல் குறைக்கப்பட்டது. ஒரு நிதியாண்டில் கமிஷன் 20,000 ரூபாயைத் தாண்டினால் இந்தப் பிடித்தம் உண்டு. பான் எண் கொடுக்காவிட்டால் 20 சதவீதம் போய்விடும். பிடித்த பணத்தை வருமான வரிக் கணக்கில் காட்டி ஈடுகட்டலாம், வரி அதைவிடக் குறைவாக இருந்தால் மீதியைத் திரும்பப் பெறலாம். ஆனால் கணக்குத் தாக்கல் செய்தால்தான்.

ஜிஎஸ்டி: கமிஷன் என்பது சேவைக்கான கட்டணம். அதற்கு 18 சதவீதம் ஜிஎஸ்டி. ஆண்டு வருவாய் 20 லட்சம் ரூபாயைத் தாண்டினால் பதிவு கட்டாயம். இந்த 20 லட்சம் என்பது நீங்கள் விற்றுக் கொடுத்த மனையின் விலை அல்ல, உங்கள் கைக்கு வந்த கமிஷன். இதைக் குழப்பிக்கொண்டு தேவையே இல்லாமல் பயப்படுபவர்களும் உண்டு. ஜிஎஸ்டி பதிவுக்கு அரசுக் கட்டணம் கிடையாது. மாதாமாதம் கணக்குத் தாக்கல் செய்ய ஆள் வைத்தால் அதுதான் செலவு.

வருமான வரி: சிறு வியாபாரிகள் விற்றுமுதலில் குறிப்பிட்ட சதவீதத்தை லாபமாகக் காட்டி, கணக்குப் புத்தகம் இல்லாமலே வரி கட்டும் எளிய முறை ஒன்று இருக்கிறது. கமிஷன், தரகு வருமானத்துக்கு அந்த வசதி கிடையாது. அதனால் பெட்ரோல், போன், விளம்பரம் என எல்லாச் செலவுக்கும் பில் எடுத்து வைக்க வேண்டும். கணக்குப் புத்தகங்களைப் பராமரிக்க வேண்டும் என்று ரெரா சட்டமும் சொல்கிறது.

தொழில் வரி: உள்ளாட்சி அமைப்புக்குக் கட்டுவது. எவ்வளவு சம்பாதித்தாலும் ஆண்டுக்கு 2,500 ரூபாயைத் தாண்டாது.

கணக்குப் போட்டுப் பார்ப்போமா?

1,200 சதுர அடி மனை. அதாவது அரை கிரவுண்ட். சதுர அடி 2,500 ரூபாய் என்று வைத்துக்கொண்டால் விலை 30 லட்சம். 2 சதவீதம் கமிஷன் பேசியிருந்தால் 60,000 ரூபாய். (கமிஷன் இவ்வளவுதான் என்று ரெரா சட்டம் நிர்ணயிக்கவில்லை. பேசி முடிவு செய்வதுதான்.) டிடிஎஸ் 1,200 ரூபாய் போக 58,800 கைக்கு வரும்.

இதில் ஒரு நடைமுறைச் சிக்கல். ஒரு டீலில் ஒரே ஒரு ஏஜென்ட் இருப்பது அபூர்வம். பார்ட்டியைக் கொண்டுவந்தவர் ஒருவர், இடத்தைக் காட்டியவர் இன்னொருவர் எனப் பங்கு பிரியும். இரண்டு பேர் என்றாலே உங்கள் பங்கு 30,000-க்குள் வந்துவிடும். முதல் டீலில் கிடைப்பது கிட்டத்தட்ட பதிவுக் கட்டணத்துக்கே சரியாகிவிடும். இரண்டாவது டீலில் இருந்துதான் வருமானம் தொடங்குகிறது. முதல் டீல் முடியும் வரை, பார்ட்டியை இடத்துக்கு அழைத்துப் போகும் பெட்ரோல் செலவு, ஆன்லைன் தளங்களில் விளம்பரச் சந்தா, நோட்டீஸ், பேனர் எல்லாமே கைக்காசுதான். பத்துப் பேருக்கு இடம் காட்டினால் பத்துப் பேரும் வாங்கப்போவதில்லை. அதனால் பதிவுக் கட்டணம் போக, சில மாதங்களுக்கு வீட்டுச் செலவுக்கும் பணம் ஒதுக்கிவிட்டு இறங்குவதே பாதுகாப்பு.

பதிவு செய்யாவிட்டால் என்ன ஆகும்?

விதியை மீறும் ஒவ்வொரு நாளுக்கும் 10,000 ரூபாய் அபராதம். விற்றுக் கொடுத்த சொத்தின் மதிப்பில் 5 சதவீதம் வரை இது ஏறிக்கொண்டே போகலாம்.

மேலே சொன்ன அதே 30 லட்சம் ரூபாய் மனையையே எடுத்துக்கொள்வோம். 5 சதவீதம் என்றால் 1.5 லட்சம். 15 நாளில் அந்த உச்சத்தைத் தொட்டுவிடும். முழுக் கமிஷனான 60,000 ரூபாயைப்போல இரண்டரை மடங்கு. 25,000 ரூபாய் கட்டணத்தை மிச்சம் பிடிக்க நினைத்தால், மூன்று நாள் அபராதத்திலேயே அது காலி.

பதிவு பெற்றவர்களும் தப்ப முடியாது. ரெராவில் பதிவாக வேண்டிய திட்டம் பதிவாகாமல் இருந்தால் அதை விற்க உதவுவது, இல்லாத வசதியை இருப்பதாகச் சொல்வது, இல்லாத அப்ரூவலை இருப்பதாகச் சொல்வது, வாங்குபவருக்குச் சேர வேண்டிய ஆவணங்களைத் தராமல் இழுத்தடிப்பது எல்லாமே மீறல்கள். "பில்டர் சொன்னார், நான் சொன்னேன்" என்று ஒதுங்க முடியாது. வாங்கியவர் ஏஜென்ட் மீதும் ஆணையத்தில் புகார் கொடுக்கலாம். பொய் சொல்லிப் பதிவு பெற்றதாகத் தெரிந்தால் பதிவே ரத்தாகும்.

வாங்குபவர்கள் கவனிக்க வேண்டியது என்ன?

பதிவு பெற்ற ஒவ்வொரு ஏஜென்ட்டுக்கும் ஓர் எண் உண்டு. தான் முடித்துக் கொடுக்கும் ஒவ்வொரு விற்பனையிலும் அதை அவர் குறிப்பிட வேண்டும். அட்வான்ஸ் கொடுக்கும் முன் அந்த எண்ணைக் கேளுங்கள், ஆணையத்தின் இணையதளத்தில் தேடிப் பாருங்கள். காலாவதியாகாமல் இருக்கிறதா என்பதையும் பாருங்கள். அதோடு, ஏஜென்ட்டின் எண் வேறு, திட்டத்தின் எண் வேறு. ஏஜென்ட் பதிவு பெற்றவர் என்பதற்காக அவர் காட்டும் மனையும் சரியாக இருக்கும் என்று அர்த்தம் இல்லை. இரண்டு எண்ணையும் தனித்தனியாகச் சரிபார்க்க வேண்டும்.

சுருக்கமாகச் சொன்னால்...

• தனிநபர் பதிவு 25,000 ரூபாய், நிறுவனம் 50,000 ரூபாய், 5 ஆண்டுகளுக்குச் செல்லும்.
• பக்கத்து மாநிலத்திலும் விற்றால் அங்கேயும் தனிப் பதிவு.
• கமிஷனில் 2 சதவீதம் டிடிஎஸ். ஆண்டுக் கமிஷன் 20 லட்சத்தைத் தாண்டினால் 18 சதவீதம் ஜிஎஸ்டி.
• பதிவு இல்லாமல் விற்றால் நாளொன்றுக்கு 10,000 ரூபாய், அதிகபட்சம் சொத்து மதிப்பில் 5 சதவீதம் அபராதம்.

மாதம் ஒரு டீல் முடிப்பவருக்கு 25,000 ரூபாய் பெரிய பாரம் இல்லை. ஆண்டுக்கு ஒரு டீல் முடிப்பதே கஷ்டம் என்பவர், பகுதி நேரமாகச் செய்யலாம் என்று நினைப்பவர், முதலில் ஒரு பேப்பரில் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்துவிட்டு முடிவெடுப்பது நல்லது.