கறுப்பு அங்கியைக் கழற்றிய பெண் வக்கீல்
டெலிவிஷனுக்குக் கதை எழுதிய அலெக்சாந்திரா கிளேர்

கிரிமினல் வக்கீல் ஒருவர் கோர்ட்டுக்குப் போவதை விட்டுவிட்டு, கோர்ட்டைப் பற்றிக் கதை எழுத உட்கார்ந்தால் என்ன ஆகும்?

பிரான்சு நாட்டில் அப்படித்தான் நடந்தது. அந்தப் பெண் வக்கீலின் பெயர் அலெக்சாந்திரா கிளேர். இன்னொரு எழுத்தாளருடன் சேர்ந்து அவர் உருவாக்கிய டெலிவிஷன் தொடர், 2005 டிசம்பரில் 'கனால் பிளஸ்' நிலையத்தில் தொடங்கியது. அதன் பெயருக்கு 'பல்சக்கரங்கள்' என்று பொருள். ஒரு சக்கரம் சுற்றினால் மற்றவையும் சுற்றும். இடையில் சிக்கியவர் கதி? அதுதான் கதை!

குப்பையில் ஓர் இளம் பெண்ணின் பிணம் கிடக்கிறது. வழக்கு பிறக்கிறது. போலீஸ் அதிகாரி லோர் பெர்த்தோ, அரசாங்க வக்கீல் கிளெமான், நீதிபதி ரோபான் ஆகியோர் அதில் இறங்குகிறார்கள்.

விசாரிக்கும் நீதிபதி

நீதிபதி என்றால் தீர்ப்புச் சொல்பவர் என்றுதானே நினைப்போம்? ரோபான் தீர்ப்புச் சொல்வதில்லை. பிரான்சில் பெரிய குற்றங்களை விசாரிப்பதற்கென்றே தனி நீதிபதிகள் உண்டு. சாட்சிகளை அழைப்பதும் போலீசாருக்கு உத்தரவிடுவதும் அவர்கள் வேலை. குற்றம் சாட்டப்பட்டவருக்குப் பாதகமானதைத் தேடினால் மட்டும் போதாது. சாதகமானதையும் அவர்களே தேட வேண்டும்.

ஒரே ஆள் இரண்டையும் செய்ய முடியுமா? அந்த 2005 டிசம்பரில் பிரான்சு முழுவதும் கேட்ட கேள்வி இது. காரணம், ஊத்ரோ என்ற ஊரின் வழக்கு. குழந்தைகளுக்குக் கொடுமை செய்ததாகப் பலர் மீது குற்றம் சாட்டப்பட்டது. அவர்களில் 13 பேர் குற்றமற்றவர்கள் என்று கடைசியில் தீர்ப்பாயிற்று. ஏழு பேருக்கு 2004லும், ஆறு பேருக்கு 2005 டிசம்பர் 1ந் தேதியும் விடுதலை கிடைத்தது. அதற்குள் சிலருக்கு ஏறக்குறைய மூன்று ஆண்டுகள் சிறையில் கழிந்துவிட்டன. இந்த நீதிபதி பதவியையே எடுத்துவிடப் போவதாக 2009ல் ஜனாதிபதி சர்க்கோசி அறிவித்தார். ஆனால் பதவி போகவில்லை.

அந்தச் சமயத்தில் வந்ததால், கற்பனைக் கதையான ரோபானின் கதையும் மக்களுக்குக் கற்பனையாகத் தோன்றவில்லை.

வக்கீலை விட்டாரா?

வக்கீலாக இருந்தவர் வக்கீலை உயர்த்தித்தானே எழுதுவார் என்று கேட்கலாம். இல்லை! கதையில் வரும் ஜோசபின் கார்ல்சன் அழகும் சாமர்த்தியமும் உள்ள பெண் வக்கீல். பணம் வரும் என்றால் எந்த வழக்கையும் எடுப்பாள். பார்ப்பவர்கள் அவளைத் திட்டினார்கள். அவள் எப்போது வருவாள் என்று காத்தும் இருந்தார்கள்.

பின்னால் வேறு எழுத்தாளர்கள் தொடரைக் கொண்டு சென்றார்கள். ஆன் லாந்துவா என்ற அம்மையார் தலைமையில் எழுதிய காலத்தில், 2015ல், சர்வதேச எம்மி பரிசு கிடைத்தது. எட்டுத் தொகுதிகளாக 86 பகுதிகள் வந்து, 2020ல் கதை முடிந்தது.

முடிவதற்கு முன், 2019ல் வந்த ஏழாவது தொகுதியில், ஜோசபினே கைதியாகச் சிறைக்குள் இருந்தாள். எத்தனையோ கைதிகளைப் பேட்டி கண்ட அவளுக்கே அந்தக் கதி!