முழங்கால் தண்ணீரில் மலை உயர அலை!

'இன்டர்ஸ்டெல்லார்' படம் பார்க்காதவர்கள் நம் ஹாஸ்டலில் குறைவு. 2014-ல் கிறிஸ்டோபர் நோலன் எடுத்தது. அதில் மில்லர் கிரகம் என்று ஒன்று வரும். எங்கு பார்த்தாலும் தண்ணீர், ஆனால் முழங்கால் அளவுதான். தூரத்தில் மலை மாதிரி தெரிவது, கிட்டே வரும்போதுதான் அலை என்று புரியும். வந்தவர்களில் ஒருத்தரை வாரிக்கொண்டு போய்விடும். அங்கே ஒரு மணி நேரம் என்றால் பூமியில் ஏழு வருஷம் என்பதைப் பற்றித்தான் எல்லோரும் பேசுகிறார்கள். எனக்கு அந்த அலைமேல்தான் கண். காரணம் பிறகு சொல்கிறேன்.

முதலில் கணக்கு. ஹைட்ராலிக்ஸில் ஃப்ரூடு நம்பர் படித்தோமே, அதில் கீழே வரும் 'ரூட் ஜி ஒய்' ஞாபகம் இருக்கிறதா? பரீட்சை முடிந்ததும் நாம் மறந்துவிட்ட அதேதான்! ஆழம் குறைந்த தண்ணீரில் சிறிய அலை ஓடும் வேகம் அது. மில்லர் கிரகத்தில் ஈர்ப்பு பூமியைப்போல் 1.3 மடங்கு. அப்படியென்றால் ஜி சுமார் 12.7. ஆழம் அரை மீட்டர் என்று வைத்தால், அலையின் வேகம் வினாடிக்கு 2.5 மீட்டர், அதாவது மணிக்கு 9 கி.மீ. சைக்கிளிலேயே தப்பித்துவிடலாம்! உயரமும் அப்படித்தான். ஆழத்தில் சுமார் முக்கால் பங்கு எழும்பியதுமே அலை உடைந்து நுரையாகிவிடும். அரை மீட்டர் தண்ணீரில் 40 செ.மீ. எழும்பினாலே பெரிசு. படத்தில் வருவதோ 1.2 கிலோமீட்டர்!

அப்படியானால் சுத்தப் புளுகா? அதுவும் இல்லை. படத்தின் அறிவியல் ஆலோசகர் கிப் தோர்ன், 2017-ல் இயற்பியல் நோபல் பரிசைப் பகிர்ந்துகொண்டவர். அவர் தரும் விளக்கம் இது: கிரகம் கருந்துளைக்கு மிக அருகில் இருப்பதால் ஒரே முகத்தை அதன் பக்கம் காட்டி நிற்கிறது. ஆனால் அசையாமல் நிற்கவில்லை, லேசாக இப்படியும் அப்படியும் ஆடுகிறது. தாம்பாளத்தில் தண்ணீர் ஊற்றி ஆட்டிப் பாருங்கள். தண்ணீர் ஒரு ஓரத்தில் குவியும், நடுவில் தட்டு தெரியும். படத்தில் அவர்கள் இறங்கியது அந்த வற்றிய இடத்தில். மலையாக வருவது மீதித் தண்ணீர்!

இங்கேதான் என் சங்கதி வருகிறது. நான் நாகப்பட்டினம் பக்கம் கடற்கரைக்காரன். அப்பா போட்டில் தொழிலுக்குப் போகிறவர். எங்க வீட்டில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான்தான். 2004 டிசம்பர் 26-ல் நான் பிறக்கவே இல்லை. அம்மா அப்போது கரையில் கருவாடு காயவைத்துக்கொண்டிருந்தார். "கடல் உள்ள போச்சாம்மா?" என்று கேட்டேன். "எங்க போச்சு? நேரா எழும்பி வந்துச்சு" என்றார்.

எனக்கு இது புதிராக இருந்தது. கடல் உள்வாங்கினால் ஓடு என்றுதானே எல்லோரும் சொல்கிறார்கள்? படித்துப் பார்த்தால் அம்மா சொன்னதுதான் சரி. அன்று கடலடித் தரை மேற்குப் பக்கம் உயர்ந்தது, கிழக்குப் பக்கம் தாழ்ந்தது. கிழக்கே தாய்லாந்துக்குப் போன அலைக்கு முன்னால் பள்ளம் போனது. அங்கே கடல் முதலில் உள்வாங்கியது. மேற்கே நம் பக்கம் வந்த அலைக்கு முன்னால் வந்தது மேடு. நம் கரையில் கடல் உள்வாங்கியதைப் பார்த்தவர்களும் உண்டு, ஆனால் அது முதல் அலைக்கு அப்புறம். ஆகவே உள்வாங்கினால் ஓடத்தான் வேண்டும். உள்வாங்கவில்லையே என்று மட்டும் நின்றுவிடக் கூடாது.

அதே ரூட் ஜி ஒய்யை இங்கேயும் போடுங்கள். 4000 மீட்டர் ஆழத்தில் மணிக்கு சுமார் 710 கி.மீ., கிட்டத்தட்ட விமானம். கரையருகே 10 மீட்டர் ஆழத்தில் 36 கி.மீ.தான். முன்னால் போவது மெதுவாகிறது, பின்னால் வருவது நெருக்கித் தள்ளுகிறது, அலை எழும்புகிறது. நடுக்கடலிலோ அது ஒன்றுமேயில்லை. நிலநடுக்கம் நடந்து இரண்டு மணி நேரம் கழித்து மேலே சென்ற ஜேசன்-1 செயற்கைக்கோள் அளந்த உயரம் சுமார் 60 செ.மீ. நூறு கி.மீ.க்கும் மேல் நீண்ட அலையில் அந்த உயரம் படகில் இருப்பவனுக்குத் தெரியவே தெரியாது.

நிலநடுக்கம் நம் நேரப்படி காலை 6.29-க்கு. நாகைக்கு அலை வர இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆனது. அவ்வளவு நேரம் இருந்தும் சொல்ல ஆளில்லை. 2007 அக்டோபரில்தான் ஐதராபாத்தில் சுனாமி எச்சரிக்கை மையம் தொடங்கியது. கடலடியில் வைத்த பிரஷர் கருவிகள் மேலே உள்ள தண்ணீரின் எடையை அளந்தபடியே இருக்கும். சில சென்டிமீட்டர் கூடினாலும் மிதவை வழியாகச் செயற்கைக்கோளுக்குத் தகவல் போய்விடும். நாம் லேபில் மானோமீட்டரில் பார்க்கும் அதே அழுத்தம்தான், நண்பர்களே.