விளையாடத் தெரியாதவருக்கும் ஒரு வாசல்



"பிள்ளைகள் கணனியில் அப்படி என்னத்தைத்தான் பார்க்கினம்?" என்று கேட்கும் பெற்றோருக்காக இம்மாத உரை. ஆனால் நான் சொல்ல வந்தது பிள்ளைகளைப் பற்றியல்ல, எங்களைப் பற்றி.

இன்றைய கணனி விளையாட்டுக்குள் ஒரு ஊரே இருக்கிறது. தெரு, ஆறு, சந்தை எல்லாம் உண்டு. பழக்கமில்லாத ஒருவர் அதற்குள் போனால் இடது பெருவிரலால் நடக்க வேண்டும், வலது பெருவிரலால் பார்வையைத் திருப்ப வேண்டும். இரண்டும் ஒன்றாக வராது. வானத்தைப் பார்த்தபடி சுவரில் முட்டிக்கொண்டு நிற்பார். அதற்குள் யாரோ சுட்டுவிடுவார்கள். வெடிச்சத்தம் எங்களில் பலருக்கு விளையாட்டுச் சாமான் அல்ல. டோர்வலில் எங்கள் வீட்டிலும் அந்தச் சத்தம் கேட்டால் மாமி அறைக்குள் போய்க் கதவைச் சாத்திவிடுவார்.

இதற்கு நல்லதொரு பதில் மொன்றியலிலேயே பிறந்தது. 1997இல் இங்கு தொடங்கப்பட்ட யூபிசொஃப்ட் கலையகம், பண்டைய எகிப்தை வைத்து 2017இல் 'அசாசின்ஸ் கிரீட் ஒரிஜின்ஸ்' என்ற சண்டை விளையாட்டை வெளியிட்டது. 2018 பெப்ரவரியில் அதே எகிப்தைச் சண்டையே இல்லாமல் 'டிஸ்கவரி டூர்' என்று திறந்துவிட்டார்கள். நேரக்கட்டுப்பாடு கிடையாது. சிறுவனாகவோ கிளியோபாத்ராவாகவோ மாறி உலாவலாம். வழிகாட்டியுடன் 75 சுற்றுலாக்கள் உண்டு. ஒளிரும் கோடு ஒன்று அடுத்த இடத்துக்குக் கூட்டிப் போகும், ஒரு குரல் விளக்கம் சொல்லும். மிராபெல்லில் வந்திறங்கி அம்புக்குறிகளையே நம்பி நடந்தவர்களுக்கு அந்தக் கோட்டின் அருமை தெரியும். 2019இல் கிரேக்கமும் இப்படியே வந்தது.

நைல் கரை வயல்களைக் கண்டதும் மாமி கேட்ட முதற் கேள்வி, "இவை தண்ணி எப்படி இறைச்சவை?" எகிப்தியரும் துலா வைத்தே இறைத்தார்கள். அன்று ஒரு மணித்தியாலம் எங்கள் கிணற்றடிக் கதைதான். விளக்கம் தமிழில் இல்லாதபடியால் பேத்தி பக்கத்தில் இருந்து சொல்ல வேண்டியிருந்தது. அதுவும் எனக்கு நல்லதாகவே பட்டது.

நடக்கவே வேண்டாம், இருந்தபடி விளையாட வேண்டும் என்பவர்களுக்கு 'வெண்பா' இருக்கிறது. ரொறன்ரோவின் விசை கேம்ஸ் குழு 2023 ஜூலையில் வெளியிட்டது. தமிழ்நாட்டிலிருந்து 1980களில் கனடா வந்த ஒரு குடும்பத்தின் கதை. அம்மாவின் சமையற் குறிப்புப் புத்தகம் கிழிந்து, எழுத்து அழிந்து கிடக்கிறது. விடுபட்ட படியை நாங்களே ஊகித்து இட்டலியும் புட்டும் அவிக்க வேண்டும். பிழைத்தால் தண்டனை இல்லை, திரும்பச் செய்யலாம். இங்கே விளையாட்டு அனுபவத்தைவிட அடுப்படி அனுபவமே கைகொடுக்கிறது. புட்டுக் குழலில் எது முதலில் போகும் என்பது பேரனுக்குத் தெரியாது, அம்மம்மாவுக்குத் தெரியும். கொன்ட்ரோலர் பேரன் கையில் இருந்தாலும் கட்டளை அம்மம்மாவினது.

சமைக்கும்போது பின்னணியில் வானொலிப் பாட்டும் போகும். முழுக் கதைக்கும் ஒன்றரை மணித்தியாலம் போதும்.